பன் வாங்கிய படை

புரூஃப் அக்கா தன் வாழ்நாளில் நேரில் பார்த்த சண்டைகள் மொத்தம் இரண்டு. இரண்டும் அச்சகத்தில், மின்விசிறிக்கு அடியில் யார் உட்காருவது என்பது பற்றியவை. ஆனால் டாங்கியின் எடையும், பதுங்குகுழியின் ஆழமும், எந்தப் பதவிக்காரர் யாருக்கு சல்யூட் வைக்க வேண்டும் என்பதும் அவளுக்கு அத்துப்படி. பத்தொன்பது வருடத்தில் முப்பத்திரண்டு போர்ப் புத்தகங்களுக்கு எழுத்துப்பிழை பார்த்தவள். பெரிய பெரிய தளபதிகளை எல்லாம் எதிரே உட்கார வைத்து, "சார், இங்க ஒரு 'க்' வரணும்" என்று சொல்லித் திருத்த வைத்தவள். எதிரிக்கு அசையாத அந்த மீசைகள் அக்காவின் சிவப்புப் பேனாவைக் கண்டால் அசைந்தன.

அந்த அச்சகத்துக்கு இத்தனை போர் வந்து சேர்ந்ததற்குக் காரணம் எதிர்வாடையில் இருந்த முன்னாள் வீரர்கள் சங்கம்தான். ஓய்வு பெற்றவர்கள் காலையில் நடப்பார்கள், நாளிதழை வரி விடாமல் படிப்பார்கள், அதற்கு மேல் பொழுது போகாமல் திணறுவார்கள். ஒருவர் புத்தகம் எழுதினார். அதைப் பார்த்து இன்னொருவர், "அவன் இருந்தது சமையல்கட்டுல, அவனே எழுதிட்டான்" என்று பேனாவை எடுத்தார். அதன் பிறகு மளமளவென்று வந்துகொண்டே இருந்தன. அச்சக முதலாளிக்குச் சந்தோஷம். ஒரு போர் முடிந்தால் அடுத்த போர் மாடிப்படி ஏறி வந்தது.

எல்லாப் புத்தகமும் ஒரே ஜாடையில்தான் இருக்கும். முதல் அத்தியாயத்தில் எளிய குடும்பத்தில் பிறப்பார்கள், மூன்றாவது அத்தியாயத்தில் எதிரி ஓட ஆரம்பிப்பான், கடைசிவரை நிற்கவே மாட்டான். முப்பத்திரண்டு புத்தகத்திலும் ஒருவர்கூடத் தோற்கவில்லை. இத்தனை பேர் ஜெயித்த போர் எப்படிச் சமரசத்தில் போய் முடிந்தது என்பது அக்காவுக்கு இன்றுவரை விளங்கவில்லை.

பிழைகள் தனி ரகம். கீழே கணினியில் தட்டச்சு செய்கிற பெண்ணுக்கு விரல் வேகம் அதிகம், கவனம் அந்த வேகத்துக்கு ஓடி வராது. ஒரு முறை 'எதிரியின் பீரங்கிகள் முழங்கின' என்பது 'எதிரியின் பரங்கிகள் முழங்கின' என்று வந்தது. ஒரு மலை முழுக்கப் பூசணிகள் உருண்டு வருவதை நினைத்து அக்கா அரைமணி நேரம் வேலை செய்ய முடியாமல் கிடந்தாள். இன்னொரு முறை விஷயம் அவ்வளவு லேசில்லை. 'மேஜர் இறைவனிடம் சரணமடைந்தார்' என்பதில் ஓர் எழுத்து மாறி, 'மேஜர் இறைவனிடம் மரணமடைந்தார்' என்று இருந்தது. அந்த மேஜரோ எதிர் நாற்காலியில் உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டிருந்தார். அக்கா சத்தமில்லாமல் அவருக்கு உயிர் கொடுத்துவிட்டுப் பக்கத்தைத் திருப்பினாள்.

அச்சகத்தில் இவளைப் பார்த்தவர்கள் எல்லாரும் தொழில் பக்தி என்று நினைத்தார்கள். உண்மைக் காரணம் வேறு, அது அவள் வீட்டில் இருந்தது.

அக்காவின் கணவர் ஒரு பள்ளிக்கூடத்துக்குப் பேருந்து ஓட்டுகிறவர். அதற்கு முன் ஆறு வருடம் பட்டாளத்தில் லாரி ஓட்டினார். அந்த ஆறாவது வருடத்தில் போர் வந்தது, சில வாரங்களில் முடிந்தது, அவர் வேலையை விட்டு வந்தார், அடுத்த வருடம் கல்யாணம். இருபத்தெட்டு வருட தாம்பத்தியத்தில் அந்தப் போரைப் பற்றி அவர் வாய்விட்டுச் சொன்னவை மூன்று. சாப்பாடு பரவாயில்லை. குளிர் ஜாஸ்தி. லாரி நல்ல லாரி. இதற்கு மேல் யாராவது கேட்டால், "கொல்லைப்பக்கம் குழாய் சொட்டுற மாதிரி இருக்கே" என்று எழுந்து போய்விடுவார். அந்த வீட்டில் குழாய் சொட்டியதே கிடையாது.

மற்றபடி உம்மணாமூஞ்சி என்று அவரை யாரும் சொல்லிவிட முடியாது. பேருந்தைக் கழுவும்போது பாடுவார், மனைவியைக் கிண்டல் செய்வார், பள்ளிப் பிள்ளைகளுக்கு அவர் என்றால் உயிர். ஒரே ஒரு கிறுக்கு உண்டு. வண்டியை எடுக்கும் முன் தலை எண்ணுவார். ஒரு தடவை இல்லை, மூன்று தடவை. முன்னாலிருந்து பின்னால், பின்னாலிருந்து முன்னால், பிறகு இறங்கி வெளியிலிருந்து ஜன்னல் ஜன்னலாக. "அங்கிள், நாற்பத்தொண்ணுதான், மாறாது, கிளம்புங்க" என்று பிள்ளைகள் கத்தும். அவர் காதில் போட்டுக்கொள்ள மாட்டார். அக்கா இதை அவருடைய பொறுப்புணர்ச்சி என்று அக்கம்பக்கத்தில் பெருமையாகச் சொல்லிக்கொண்டிருந்தாள்.

ஆனால் கூடவே படுத்து, கூடவே சாப்பிட்டு, கூடவே நரைத்த மனிதருக்குள் தனக்குத் தெரியாத ஓர் அறை இருப்பது அவளை அரித்தது. அவள் வீராங்கனை இல்லை, துப்பறிவாளரும் இல்லை. அவளிடம் இருந்தது சிவப்புப் பேனா மட்டும்தான். எனவே வந்த புத்தகத்தை எல்லாம் வரி வரியாகப் படித்தாள். எந்தப் பக்கத்திலாவது, எந்த மூலையிலாவது, தன் வீட்டுக்காரருக்கு அங்கே என்ன நடந்தது என்று எழுதியிருக்குமோ என்று தேடினாள். முப்பத்திரண்டு புத்தகம் தேடியும் ஒன்றும் கிடைக்கவில்லை. தளபதிகள் லாரியில் போனதாக எழுதினார்கள். லாரியை யார் ஓட்டினார்கள் என்று எழுதவில்லை. அவர்கள் எழுதியதைப் பார்த்தால் அது தானாகவே ஓடியிருக்க வேண்டும்.

படித்த புத்தகங்களை வீட்டு அலமாரியில் அடுக்குவாள். அவர் அந்த அலமாரிப் பக்கம் தலைவைத்துப் படுப்பதில்லை. ஒருமுறை அவளே ஒன்றை எடுத்து நீட்டினாள். அவர் வாங்கிக் கடைசிப் பக்கம்வரை கட்டைவிரலைக் கொண்டுபோனார், திறக்காமலே திருப்பிக் கொடுத்துவிட்டார்.

முப்பத்துமூன்றாவதாக வந்தவர் ஒரு கேப்டன். ஒல்லியான மனிதர், கோடு போட்ட நோட்டுப்புத்தகம் மூன்றை ரப்பர் வளையம் போட்டுக் கொண்டுவந்தார். அக்கா முதல் பக்கத்தைத் திறந்தாள். அவருடைய படைப்பிரிவின் எண் அங்கே எழுதியிருந்தது. பீரோவில், ரேஷன் அட்டைக்குக் கீழே இருக்கும் தன் கணவரின் விடுவிப்புச் சான்றிதழில் இருக்கும் அதே எண். அவள் அதை இலக்கம் இலக்கமாகப் படித்தாள். "என் வீட்டுக்காரரும் இதுல இருந்தார் சார்" என்று நாக்கு நுனிவரை வந்துவிட்டது, விழுங்கிவிட்டாள். அவர் இத்தனை வருடமாகக் கட்டிக்காத்த பூட்டை அவருக்குத் தெரியாமல் தெருவில் வைத்து உடைப்பது சரியாகப் படவில்லை.

கேப்டன் அவளிடம் ஒன்றே ஒன்று கேட்டுக்கொண்டார்.

"அம்மா, எழுத்துப்பிழை எங்க இருந்தாலும் பரவாயில்ல. எட்டாவது அத்தியாயத்துல ஒரு வார்த்தை வருது, அது மட்டும் மாறிடக் கூடாது. நாங்க பாலத்துலேர்ந்து பின்வாங்கினோம்னு எழுதியிருக்கேன்."

"எழுதிட்டீங்களா சார்? இங்க யாரும் எழுத மாட்டாங்களே."

"சங்கத்துல எல்லாரும் சண்டைக்கு வராங்க. 'இடம் மாறினோம்'னு போடு, 'அணிவகுப்பை மாத்தினோம்'னு போடுங்கறாங்க. நான் மாட்டேன்னுட்டேன். அந்த ஒரு வார்த்தைய எழுத எனக்கு இருபத்தொம்பது வருஷம் ஆச்சும்மா. அதைப் பத்திரமா பாத்துக்கங்க."

அக்கா தலையாட்டினாள். பத்தொன்பது வருட அனுபவம், ஒரு வார்த்தையைப் பார்த்துக்கொள்ள முடியாதா.

கேப்டனுக்கு இன்னொரு கொள்கையும் இருந்தது. உயிரோடு இருப்பவர்களைப் பதவியால் மட்டுமே குறிப்பிட்டிருந்தார். "பேர் போட்டா, பேர் வராதவன் கோவிச்சுக்குவான்" என்றார். இறந்துபோன பதினோரு பேரின் பெயர்களை மட்டும் கடைசிப் பக்கத்தில் முழுதாக எழுதியிருந்தார்.

அக்கா அந்த நோட்டுகளைப் பசியோடு படித்தாள். மூன்று மாதம், மூன்று முறை. லாரி ஓட்டுநர் எட்டாவது அத்தியாயத்தில்தான் வந்தார். மொத்தம் இரண்டு வாக்கியம். 'எங்கள் ஓட்டுநர் மேடு பள்ளம் பாராமல் ஓட்டினார். நல்ல மனிதர்.' அவ்வளவுதான். நல்ல மனிதர் என்பது அவளுக்கே தெரியும், அதற்குப் புத்தகம் எதற்கு. அந்தப் பக்கத்துக்கு வரும்போதெல்லாம் அவள் கண் அந்த இரண்டு வாக்கியத்திலேயே போய் ஒட்டிக்கொண்டு, இதற்கு முன்னால் என்ன, இதற்குப் பின்னால் என்ன என்று தவித்தது. பிழை பார்க்க வந்தவள் அந்த ஒரு பக்கத்தில் மட்டும் பெண்டாட்டியாகப் படித்தாள். வினை அங்கேதான் வந்தது.

புத்தகம் அச்சாகி ஐந்நூறு பிரதிகள் கட்டுக்கட்டாக வந்து இறங்கிய நாள் ஒரு சனிக்கிழமை. வெளியீட்டு விழாவுக்கு இன்னும் எட்டு நாள் இருந்தது. அக்கா வழக்கம்போல் ஒரு பிரதியைப் பையில் போட்டுக்கொண்டு மதியம் வீட்டுக்கு வந்தாள். சாப்பிட்டு முடித்து, மேசையைத் துடைத்து, புத்தகத்தை நடுவில் விரித்தாள். பிழைதிருத்துகிற யாரைக் கேட்டாலும் சொல்வார்கள், அச்சான புத்தகத்தை எந்தப் பக்கம் திறந்தாலும் பிழை இருக்கிற பக்கம்தான் முதலில் திறக்கும். அது திறந்தது.

'விடியற்காலை ஐந்து மணிக்கு, கனத்த மனத்துடன், நாங்கள் பாலத்திலிருந்து பன் வாங்கினோம்.'

அவள் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மறுபடி போட்டுக்கொண்டாள். பன் அப்படியே இருந்தது. நடந்தது என்ன என்று அவளுக்கு உடனே புரிந்துவிட்டது. தட்டச்சுப் பெண் 'பி'யின் தலையிலிருந்த சுழியை விட்டுவிட்டாள். பக்கம் அமைக்கிறவன் வரி நிறையவில்லை என்று நடுவில் ஓர் இடைவெளி கொடுத்து அழகுபடுத்திவிட்டான். ஆனால் கடைசியில் பார்த்துக் கையெழுத்துப் போட்டவள் இவள். இருபத்தொன்பது வருடம் கஷ்டப்பட்டு எழுதிய மனிதரின் ஒரே ஒரு வார்த்தை, ஐந்நூறு பிரதியிலும் பன்னாகிவிட்டது.

"போச்சு, எல்லாம் போச்சு" என்று தலையில் கைவைத்துக்கொண்டாள்.

சோபாவில் சாய்ந்திருந்த கணவர் எழுந்து வந்தார். "என்ன ஆச்சு? உடம்புக்கு என்ன?"

"உடம்புக்கு ஒண்ணுமில்லீங்க. மானம்தான் போச்சு. நீங்களே பாருங்க."

யோசிக்காமல் வரியின்மேல் விரலை வைத்துவிட்டாள். வைத்த பிறகுதான் யாரிடம் எதைக் காட்டுகிறோம் என்று உறைத்தது. அவர் குனிந்து படித்தார். ஒரு முறை படித்தார், உதடு அசைய இன்னொரு முறை படித்தார். பக்கத்தின் மேலே இருந்த படைப்பிரிவின் எண்ணைப் பார்த்தார். இனி குழாய் சொட்டும் என்று அக்கா நினைத்தாள். ஆனால் அவர் தோள் குலுங்கியது. அழுகிறாரோ என்று பதறி முகத்தைப் பார்த்தால், மனிதர் சிரித்துக்கொண்டிருந்தார். சத்தம் வராத சிரிப்பாக ஆரம்பித்து, மேசையைப் பிடித்துக்கொண்டு, இருமல் வரும்வரை சிரித்தார்.

"சிரிக்காதீங்க. நான் இங்க செத்துக்கிட்டிருக்கேன்."

"இல்லடி, இது தப்பே இல்ல" என்றார் அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டே. "பன்னுதான் வாங்கினோம்."

அக்கா பேசாமல் நாற்காலியை அவர் பக்கம் தள்ளினாள். அவர் உட்கார்ந்தார். இத்தனை வருடப் பூட்டு இப்படி ஒரு எழுத்துப்பிழையில் திறந்துகொள்ளும் என்று அவள் கனவிலும் நினைத்ததில்லை. மூச்சுவிட்டால்கூட மூடிக்கொண்டுவிடுமோ என்று பயந்து அப்படியே இருந்தாள்.

"பாலத்துல மூணு நாள் இருந்தோம். யாருக்கும் அடிகூட இல்ல, ஆனா தூக்கம்னு ஒண்ணு கிடையாது. விடியக்காலைல கிளம்புன்னு உத்தரவு வந்துச்சு. எல்லாரும் லாரில ஏறினாங்க, எடுன்னாங்க, எடுத்துட்டேன். ரெண்டு மணி நேரம் கழிச்சு ஒரு சின்ன ஊர். ஊரே காலி. கதவெல்லாம் திறந்து கிடக்கு, ஒரு மனுஷன் இல்ல. ஒரு கடைல மட்டும் புகை வருது. பாத்தா, ஒருத்தர் தனியா நின்னு பன் சுட்டுக்கிட்டிருக்கார்."

"எல்லாரும் ஓடினப்புறமா?"

"அதைத்தான் கேப்டன் கேட்டார். எல்லாரும் போயாச்சே, நீங்க ஏன் போகலன்னு. அவர் சொல்றார், 'மாவு பிசைஞ்சிட்டேன் சார். பிசைஞ்ச மாவை விட்டுட்டு எப்படிப் போறது'ன்னு."

அக்காவுக்குச் சிரிப்பு வந்தது. அவரும் சிரித்தார். சிரித்துக்கொண்டே இருந்தவர் சட்டென்று மேசையைப் பார்க்க ஆரம்பித்தார்.

"கேப்டன் என்கிட்ட கேட்டார், எத்தன பேருன்னு. நான் இருபத்திரண்டுன்னேன். பாலத்துக்குப் போனது என்னையும் சேத்து இருபத்திரண்டு பேரு, அந்தக் கணக்குல சொல்லிட்டேன். பன்னை வாங்கி லாரியச் சுத்தி வந்து ஆளுக்கு ஒண்ணா கொடுத்தேன். எல்லாரும் சுடச்சுட தின்னாங்க. மூணு நாள்ல அப்பதான் முதல் தடவையா ஒருத்தன் ஜோக் சொன்னான். கடைசில என் பங்கையும் தின்னுட்டுப் பாத்தா என் கையில ஒண்ணு மிஞ்சிச்சு."

"அதிகமா கொடுத்திருப்பார்."

"இல்ல. சுருட்டை இல்ல."

சுருட்டை என்பது அவர்களோடு இருந்த, கம்பி இழுத்து இணைப்புக் கொடுக்கிற டெலிபோன்காரன், தலைமுடியால் வந்த பெயர். லாரியில் முன்சீட்டில் எப்போதும் இவர் பக்கத்தில் உட்கார்ந்து, ஊர் வரும்வரை வாய் ஓயாமல் பேசுகிறவன். அன்று முன்சீட்டில் கேப்டன் ஏறியதால், சுருட்டை பின்னால் ஏறியிருப்பான் என்று இவர் நினைத்துக்கொண்டார். எண்ணிப் பார்க்கவில்லை.

"அவனைப் பாலத்துலயே விட்டுட்டு வண்டிய எடுத்துட்டேன். நான்தான் டிரைவர். நான்தான் எண்ணியிருக்கணும்."

"கேப்டன்கிட்ட சொல்லலையா?"

"அவர் பாதி பன்னைக் கையில வெச்சுக்கிட்டே தூங்கிட்டார். எழுப்பியிருக்கலாம். எழுப்பல. ரயிலடில இறக்கிவிட்டதும் என்னை ஆஸ்பத்திரி வண்டிக்கு மாத்திட்டாங்க. அப்புறம் அந்தக் கூட்டத்த நான் பாக்கவே இல்ல. அந்தப் பன்னு ரெண்டு நாள் வண்டி முன்னால கிடந்து கல்லா போச்சு."

"இத்தன வருஷத்துல யாரையாவது கேட்டிருக்கலாமே. எங்க அச்சகத்துக்கு எதிர்ல சங்கமே இருக்கே."

"கேட்டா பதில் சொல்லிடுவாங்களேடி" என்றார்.

மூன்று முறை தலை எண்ணுகிற மனிதரை அக்கா அப்போதுதான் முழுசாகப் பார்த்தாள். அந்தப் புத்தகங்களை ஏன் தொடுவதில்லை என்பதும் விளங்கியது. ஒவ்வொரு போர்ப் புத்தகத்துக்கும் கடைசியில் ஒரு பட்டியல் உண்டு. அந்தப் பட்டியலில் ஒரு பெயரைப் பார்த்துவிடுவோமோ என்றுதான் கட்டைவிரல் அன்று கடைசிப் பக்கத்தில் போய் நின்றது. அவள் முப்பத்திரண்டு புத்தகத்தில் இவரைத் தேடினாள். இவர் முப்பத்திரண்டிலிருந்தும் தப்பித்து ஓடினார். இரண்டு பேரும் ஒரே கூரைக்குக் கீழே இதைச் செய்துகொண்டிருந்தோமே என்று அவளுக்கு அழுகையும் வந்தது, அவரைப் பிடித்து ஓர் உலுக்கு உலுக்க வேண்டும் போலவும் இருந்தது.

ஆனால் அவள் மூளையின் இன்னொரு பக்கம், பிழை பார்த்துப் பழகிய பக்கம், பரபரவென்று பக்கங்களைப் புரட்டிக்கொண்டிருந்தது. டெலிபோன்காரன். அந்தப் படையில் ஒரே ஒரு டெலிபோன்காரன்தானே.

"அவருக்கு நிஜப் பேர் என்ன?"

அவர் தயங்கினார். பிறகு சொன்னார். இருபத்தொன்பது வருடம் சொல்லாத பெயர்.

அக்கா கடைசிப் பக்கத்தைத் திறந்தாள். அவர் முகத்தை ஜன்னல் பக்கம் திருப்பிக்கொண்டார். பதினோரு பெயர்கள். அவள் விரலை வைத்து ஒவ்வொன்றாக இறங்கினாள். மூன்று மாதத்தில் மூன்று முறை படித்த பட்டியல்தான், அப்போதெல்லாம் ஒற்று சரியா, கால் சரியா என்று மட்டும் பார்த்தாள். இப்போது ஒவ்வொரு பெயரையும் ஓர் ஆளாகப் படித்தாள். பதினொன்றாவது பெயரின் கீழே விரல் வெறும் காகிதத்தைத் தொட்டது.

"இல்லீங்க."

"சரியா பாரு."

"என் வேலையே சரியா பாக்கறதுதான். இல்ல."

"பன்னை விட்டவதானே நீ" என்றார். அந்த நேரத்திலும் குத்தலுக்குக் குறைச்சலில்லை, ஆனால் முகத்தை ஜன்னலிலிருந்து திருப்பவில்லை.

அக்கா எட்டாவது அத்தியாயத்துக்குத் திரும்பினாள். பன் வாங்கிய வரிக்கு நாலு வரி மேலே, அவள் பெண்டாட்டிக் கண்ணோடு தாண்டித் தாண்டிப் போன இடத்தில், அது இருந்தது. அவள் சத்தமாகப் படித்தாள்.

'டெலிபோன்காரரை மட்டும் மறுகரையிலிருந்த அடுத்த அணியோடு வரும்படி உத்தரவிட்டேன். கம்பியைச் சுருட்டிக்கொண்டு, அவர்களுடைய படகில் ஏறி, மறுநாள் மாலை எங்களை வந்தடைந்தார்.'

அவர் ஜன்னலிலிருந்து திரும்பினார்.

"நன்றியுரையிலயும் இருக்கார்" என்று முதல் பக்கத்துக்கு ஓடினாள். "இதோ. 'பாலத்தின் படத்தை நினைவிலிருந்து வரைந்து கொடுத்த எங்கள் டெலிபோன்காரருக்கு.' இது இந்த வருஷம் எழுதினது. மனுஷன் உக்காந்து படம் வரைஞ்சு கொடுத்திருக்கார்ங்க."

"இன்னொரு தடவை படி. எழுத்து எழுத்தா படி. தப்பு கிப்பு இருக்கப் போகுது."

அவள் எழுத்து எழுத்தாகப் படித்தாள். இரண்டு பேர் சேர்ந்து பிழை பார்க்கும்போது ஒருவர் புள்ளி, கமா எல்லாம் சொல்லிப் படிப்பார், மற்றவர் மூலப்பிரதியைப் பார்ப்பார். அப்படியே படித்தாள். "மறுநாள் மாலை எங்களை வந்தடைந்தார், முற்றுப்புள்ளி." அவர் அந்த முற்றுப்புள்ளியைக் குனிந்து நேரில் பார்த்துக்கொண்டார்.

மறுநாள் காலை இருவரும் கேப்டன் வீட்டுக்குப் போனார்கள். அக்காவுக்கு இரண்டு காரியம். ஒன்று, குற்றத்தை ஒப்புக்கொள்வது. இன்னொன்று, பக்கத்தில் சலவைச் சட்டை போட்டுக்கொண்டு, கல்யாண மாப்பிள்ளை மாதிரி விறைத்துப்போய் நின்றது.

கதவைத் திறந்த கேப்டன் அக்காவைப் பார்த்து, "வாங்கம்மா" என்றார். பிறகு பின்னால் நின்றவரைப் பார்த்தார். வெகுநேரம் பார்த்தார்.

"டிரைவர்தானே நீ?"

"ஆமா சார்."

"இப்பவாவது கிளட்ச்சை மிதிச்சுட்டு கியர் போடறியா?"

உள்ளே உட்கார வைத்து டீ கொடுத்தார். அக்கா டீயைத் தொடாமல் புத்தகத்தை விரித்து நீட்டினாள். "சார், நீங்க ஒரே ஒரு வார்த்தை சொன்னீங்க. அதையே விட்டுட்டேன். ஐந்நூறு பிரதிலயும் திருத்தச்சீட்டு ஒட்டிடறேன், நானே உக்காந்து ஒட்டறேன்."

கேப்டன் படித்தார். அவர் முகத்தில் எதுவும் தெரியவில்லை. அக்கா பத்தொன்பது வருட வேலைக்கு மனதுக்குள் கும்பிடு போட்டுவிட்டாள்.

"ஒட்டுங்க. பின்வாங்கினோம்னு கண்டிப்பா இருக்கணும்" என்றார். பிறகு, டிரைவரை ஓரக்கண்ணால் பார்த்தபடி, "அடியில இன்னொரு வரி சேத்துக்கங்க. பன்னும் வாங்கினோம்."

"அதை நீங்களே எழுதியிருக்கலாமே சார்?"

"எழுதினேன்மா. சண்டைப் புத்தகத்துல பன்னு வந்தா மதிப்பா இருக்காதேன்னு அந்தப் பக்கத்தையே கிழிச்சுட்டேன். அன்னிக்குத் தின்ன மாதிரி ஒரு பன்னை அப்புறம் நான் தின்னதே இல்ல."

அக்கா கணவரின் முழங்கையை இடித்தாள். அவர் தொண்டையைச் செருமினார், சட்டைப் பொத்தானைத் தடவினார். அக்காவே எல்லாவற்றையும் சொன்னாள். எண்ணாமல் எடுத்த வண்டியையும், மிஞ்சிய பன்னையும், அலமாரியையும் சொன்னாள். கேப்டன் கேட்கக் கேட்க டீக் கோப்பையைக் கீழே வைத்துவிட்டார்.

"தூங்காம இருந்திருந்தா நான் சொல்லியிருப்பேன்" என்றார் மெதுவாக. "என் தப்புதான் அது. ஒரு வார்த்தை, உன்கிட்ட சொல்லத் தோணல." எழுந்து போய்த் தொலைபேசியை எடுத்து எண்ணை அழுத்தினார். மணி அடிக்கும்போது, "இப்ப அவனைச் சுருட்டைன்னு கூப்பிட முடியாது, பாத்துக்க. தலையில ஒண்ணுகூட மிச்சமில்ல" என்று ஒலிபெருக்கியை அழுத்தி மேசைமேல் வைத்தார்.

"யாரு?" என்றது ஒரு குரல்.

"நான்தான்டா. டிரைவர்" என்றார் அக்காவின் கணவர்.

"எந்த டிரைவர்?"

"லாரி."

அந்தப் பக்கம் ஒரு நாற்காலி இழுபடும் சத்தம் கேட்டது. "டேய். நீ எங்கடா போன? ஆஸ்பத்திரி வண்டிக்குப் போனான்னாங்க, அதோட ஆளையே காணோம். அடிபட்டுப் போயிட்டியோன்னு நினைச்சேன்டா."

"சுருட்டை, நான் ஒண்ணு சொல்லணும்." அவர் இரண்டு கையாலும் மேசை விளிம்பைப் பிடித்துக்கொண்டார். "அன்னிக்குப் பாலத்துல உன்னை விட்டுட்டு வண்டிய எடுத்துட்டேன். தலை எண்ணாம எடுத்துட்டேன்டா."

"என்னை விட்டுட்டா? எப்போ?"

"விடியக்காலைல. கிளம்பும்போது."

"நீ எங்கடா விட்டுட்டுப் போன. நான்தானே உன்னை அனுப்பினேன். பாலத்து முனையில நின்னு ரெண்டு கையையும் தூக்கி, போ போன்னு ஆட்டிக்கிட்டே இருந்தேனே. உன் லாரி வளைவு திரும்புற வரைக்கும் ஆட்டினேன். நீ பாக்கவே இல்லையா?"

அவர் வாயைத் திறந்தார். தலையை மட்டும் இல்லை, இல்லை என்று ஆட்டினார், தொலைபேசியில் அது தெரியாது என்பதுகூட அவருக்குத் தோன்றவில்லை. கேப்டன் ஜன்னலுக்கு வெளியே எதையோ பார்த்துக்கொண்டிருந்தார். அக்கா தொலைபேசியின் பக்கம் குனிந்தாள்.

"அண்ணே, நான் அவர் சம்சாரம் பேசறேன். அவர் இங்கதான் இருக்கார். அழறார், கொஞ்சம் இருங்க, பேசுவார்."

"அழட்டும்மா, மெதுவா பேசட்டும்" என்றது அந்தக் குரல். "நான் எங்கயும் போயிடல."